எல்லைச் செய்தியில் வரும் எண்ணை எப்படிப் படிப்பது

அமெரிக்க–மெக்சிகோ எல்லையைப் பற்றி நம் பத்திரிகைகளில் அடிக்கடி செய்தி வருகிறது. பெரும்பாலும் நான்கு பத்திதான் இருக்கும். அதில் ஒரு பெரிய எண், ஒரு தலைவரின் ஆவேசப் பேச்சு, இரும்பு வேலி ஓரமாக நடக்கும் ஆட்களின் படம். ஒரு தமிழ் நாளிதழின் வெளிநாட்டுச் செய்தி டெஸ்க்கில் நீண்ட காலம் வேலை பார்த்தவள் நான். செய்தி ஏஜென்சி அனுப்பும் காப்பியை, அதாவது செய்திப் பிரதியைச் சுருக்கி, தலைப்பு வைத்து, பக்கத்தை முடித்து அனுப்புவது என் வேலை. இப்போது புதிதாக வருகிற பிள்ளைகளுக்கு அதைச் சொல்லிக்கொடுக்கிறேன். எல்லைச் செய்தி விஷயத்தில் அவர்களுக்குச் சொல்வதை இங்கே எழுதுகிறேன், ஏனென்றால் வாசகர்களுக்கும் இது தெரிந்திருக்க வேண்டும்.

ஒருமுறை வாசகர் ஒருவர் டெஸ்க்குக்கே போன் செய்தார். "ஏம்மா, ஒரே வருஷத்துல 24 லட்சம் பேர் அமெரிக்காவுக்குள்ள புகுந்துட்டாங்களாமே, எந்த நாடும்மா அதைத் தாங்கும்?" என்று கேட்டார். அவர் படித்ததை வைத்துப் பார்த்தால் நியாயமான கேள்வி. ஆனால் 24 லட்சம் பேர் புகவில்லை. எல்லையிலிருந்து வருகிற எண், காவலர்கள் என்ன செய்தார்கள் என்பதன் கணக்கு. மக்கள் என்ன செய்தார்கள் என்பதை அதிலிருந்து நாம்தான் பிரித்தெடுக்க வேண்டும். அதற்கு நான் கேட்கும் கேள்விகள் இவை.

எதை எண்ணினார்கள்?

அந்த வாசகர் சொன்ன எண்ணையே எடுத்துக்கொள்வோம். 2023-ஆம் நிதியாண்டில் தென்மேற்கு எல்லையில் பதிவானது சுமார் 24.7 லட்சம். முதலில் ஆண்டைக் கவனியுங்கள். அமெரிக்க அரசின் நிதியாண்டு அக்டோபர் 1-இல் தொடங்கி செப்டம்பர் 30-இல் முடியும். ஆகவே '2023' என்று வருவதில் 2022-இன் கடைசி மூன்று மாதங்கள் அடங்கும். தலைப்பில் வெறுமனே '2023-இல்' என்று போட்டாலே தப்பு தொடங்கிவிடுகிறது.

அடுத்து, அந்த 24.7 லட்சத்துக்குள் யார் யார் இருக்கிறார்கள்? வேலியைத் தாண்டியோ ஆற்றைக் கடந்தோ வந்து பிடிபட்டவர்கள் இருக்கிறார்கள். எல்லைப் பாலத்தில் உள்ள அதிகாரபூர்வச் சாவடிக்கு நேராக வந்து அதிகாரியிடம் தங்களை ஒப்படைத்தவர்களும் இருக்கிறார்கள். 2023 ஜனவரியிலிருந்து சிபிபி ஒன் என்ற கைபேசிச் செயலியில் நேரம் வாங்கிக்கொண்டு வரிசையில் நின்று வந்தவர்களும் அதே கணக்கில்தான் சேர்ந்தார்கள். இந்த நேர ஒதுக்கீடு பின்னாளில் நாளொன்றுக்கு 1,450 வரை போனது. பிடித்த சில மணி நேரத்தில் மெக்சிகோவுக்கே திருப்பித் தள்ளப்பட்டவர்கள், விமானம் ஏற்றி அனுப்பப்பட்டவர்கள், வழக்குத் தேதி கொடுத்து வெளியே விடப்பட்டவர்கள் எல்லோரும் அந்த ஒரே எண்ணுக்குள். யார் கண்ணிலும் படாமல் போனவர்கள் மட்டும் அதில் இல்லை. இப்படிப்பட்ட எண்ணை 'புகுந்தவர்கள்' என்று ஒரு சொல்லில் முடிக்க முடியாது.

இன்னொன்று, அது ஆள் கணக்கே இல்லை, பிடித்த தடவைகளின் கணக்கு. ஒரே ஆள் மூன்று முறை பிடிபட்டால் மூன்று என்று ஏறும். இது சின்ன விவரம் என்று நினைக்காதீர்கள். 2020 மார்ச்சில் கொரோனாவைக் காரணம் காட்டி, 'டைட்டில் 42' என்ற பழைய சுகாதாரச் சட்டப்பிரிவை எல்லையில் அமல்படுத்தினார்கள். பிடிபட்டவரை விசாரணை இல்லாமல், வழக்கு இல்லாமல், சில மணி நேரத்தில் எல்லைக்கு அந்தப்பக்கம் விட்டுவிடலாம். வழக்கு இல்லை என்பதால் அவர் மறுநாளே திரும்ப முயன்றார். 2019 நிதியாண்டில் எல்லைக் காவல் படையிடம் பிடிபட்டவர்களில் நூற்றுக்கு 7 பேர்தான் அதே ஆண்டில் மறுபடியும் பிடிபட்டார்கள். 2021-இல் அது நூற்றுக்கு 27 ஆனது. விதி கடுமையானதால் எண் பெருகியது. அந்தப் பெருகிய எண்ணைக் காட்டி, விதியை இன்னும் கடுமையாக்க வேண்டும் என்று கேட்டார்கள். டைட்டில் 42 என்ற அந்த விதி, 2023 மே 11 வரை நீடித்தது.

நம் ஊர்க்காரர்கள் சம்பந்தப்பட்ட எண்ணிலும் இதே சிக்கல் உண்டு. 2023 நிதியாண்டில் சுமார் 97,000 இந்தியர்கள் அமெரிக்க எல்லைகளில் பிடிபட்டார்கள் என்று செய்தி வந்தது. உடனே எல்லோர் மனதிலும் மெக்சிகோ வேலிதான் வந்தது. ஆனால் அது நாடு முழுவதற்குமான எண். அதில் சுமார் 30,000 கனடா எல்லையில் பதிவானவை.

கோடு எந்த ஆண்டில் தொடங்குகிறது?

அரசியல்வாதிகள் காட்டும் வரைபடங்களில் முதலில் இடது ஓரத்தைப் பாருங்கள். 2017-இல் (இந்த ஆண்டுக் கணக்குகளும் நிதியாண்டுதான்) தொடங்கும் கோட்டைக் காட்டினால் அதற்குப் பிறகு எல்லாமே வெள்ளம்போலத் தெரியும், ஏனென்றால் அந்த ஆண்டு எல்லைக் காவல் படை பிடித்தது வெறும் 3.04 லட்சம். 2000-இல் தொடங்கினால் வேறு கதை. அந்த ஆண்டே 16.4 லட்சம் பிடிப்புகள். 2021-இல் 16.6 லட்சம் வந்தபோது 'வரலாறு காணாத' என்ற அடைமொழியோடு காப்பி வந்தது. இருபது ஆண்டுகளுக்கு முன் கிட்டத்தட்ட அதே எண் இருந்ததை யாரும் குறிப்பிடவில்லை. 2000-இல் படையில் இருந்த காவலர்கள் சுமார் 9,000 பேர்தான். பிடிபடாமல் போனவர்கள் அப்போது எவ்வளவு அதிகம் இருந்திருப்பார்கள் என்று யோசித்துப் பாருங்கள்.

2025 செப்டம்பரில் முடிந்த ஆண்டில் தென்மேற்கு எல்லையில் படை பிடித்தது சுமார் 2.38 லட்சம். 1970-க்குப் பிறகு இவ்வளவு குறைந்ததில்லை. பெரிய வீழ்ச்சிதான், மறுப்பதற்கில்லை. ஆனால் மாதவாரியாக வைத்துப் பாருங்கள். 2023 டிசம்பரில் சுமார் 2.5 லட்சம். 2024 டிசம்பரில் சுமார் 47,000. டிரம்ப் இரண்டாவது முறை பதவியேற்றது 2025 ஜனவரி 20-இல். அதன் பிறகு மாதம் 8,000 அளவுக்கு இறங்கியது உண்மை. ஐந்தில் நான்கு பங்கு வீழ்ச்சி அதற்கு முன்பே நடந்துவிட்டதும் உண்மை. செய்தியில் இரண்டையும் எழுத இடம் இருக்கிறது, எட்டுச் சொல் போதும்.

காவல்காரர் எங்கே நிற்கிறார்?

இந்தக் கேள்வியைத்தான் நான் பிள்ளைகளிடம் அதிகம் வற்புறுத்துவேன். 2023 டிசம்பரில் எல்லைக் காவல் படை பதிவு செய்தது சுமார் 2.5 லட்சம் என்றேனே, 2024 ஜனவரியில் அது சுமார் 1.24 லட்சம். ஒரே மாதத்தில் பாதி. இடையில் அமெரிக்காவில் புதுச் சட்டம் வரவில்லை, வேலியும் வளரவில்லை. டெஸ்க்கில் இருந்த ஒரு பெண், "அக்கா, குளிரா இருக்குமோ?" என்று கேட்டாள். குளிரும் ஒரு காரணம்தான், ஜனவரியில் எப்போதும் கொஞ்சம் குறையும். ஆனால் பெரிய காரணம் தெற்கே இருந்தது. டிசம்பர் தொடக்கத்தில் மெக்சிகோவின் குடியேற்ற நிறுவனத்துக்குப் பணம் தீர்ந்துபோய், ஆட்களைத் திருப்பி அனுப்புவதை நிறுத்திவைத்திருந்தது. டிசம்பர் 27-இல் அமெரிக்க வெளியுறவு அமைச்சர் பிளிங்கன் மெக்சிகோ சிட்டிக்குப் போய் அதிபர் லோபஸ் ஒப்ரடோரைச் சந்தித்தார். மெக்சிகோ ரயில்களிலிருந்து ஆட்களை இறக்கியது, பேருந்துகளில் ஏற்றித் தெற்கே கொண்டுபோய் விட்டது. அமெரிக்க எண் பாதியானது.

ஆகவே எல்லை என்றதும் வேலியை மட்டும் பார்க்காதீர்கள். வரைபடத்தை விரித்து, மெக்சிகோவின் தென்கோடியில் சுச்சியாத்தே ஆற்றைத் தேடுங்கள். இந்தப்பக்கம் குவாத்தமாலாவின் தெக்குன் உமான், அந்தப்பக்கம் மெக்சிகோவின் சியுதாத் இதால்கோ. லாரி டயர் டியூபுகளின் மேல் பலகை கட்டிய தெப்பங்களில் ஆட்களும் சரக்குகளும் பட்டப்பகலில் ஆற்றைக் கடக்கும், மேலே அதிகாரபூர்வப் பாலம் இருக்கும்போதே. கொஞ்சம் வடக்கே தபாச்சுலா என்ற ஊர். அனுமதிக் காகிதம் கிடைக்கும் வரை வெளியேற முடியாமல் ஆயிரக்கணக்கானோர் மாதக்கணக்கில் அங்கே காத்திருந்திருக்கிறார்கள். அமெரிக்க வேலியிலிருந்து வெகு தொலைவில், அமெரிக்காவுக்காக நடக்கும் காவல் அது.

இது எப்படி ஏற்பட்டது? 2014 கோடையில் பெற்றோர் துணையில்லாத குழந்தைகள் பெருமளவில் வந்தார்கள். அந்த நிதியாண்டில் சுமார் 68,500 பேர். அதே ஜூலையில் மெக்சிகோ தன் தெற்கு எல்லைத் திட்டத்தைத் தொடங்கியது. அப்புறம் 2019 மே 30. மெக்சிகோ ஆட்களைத் தடுக்காவிட்டால் அந்நாட்டுப் பொருட்கள் அனைத்துக்கும் 5 சதவீத வரி போடுவேன், அதை 25 வரை ஏற்றுவேன் என்று டிரம்ப் அறிவித்தார். ஒரு வாரத்தில் மெக்சிகோ ஒப்புக்கொண்டது. அந்த ஆண்டுதான் உருவாக்கப்பட்டிருந்த தேசியக் காவல் படையைக் குவாத்தமாலா எல்லைக்கு அனுப்பியது. அந்த மே மாதம் அமெரிக்க எல்லையில் 1.33 லட்சமாக இருந்த பிடிப்பு, செப்டம்பரில் 40,500 ஆனது. ஏற்றுமதியில் பெரும்பகுதியை ஒரே பணக்கார அண்டை நாட்டுக்கு விற்கும் தேசத்தால் 'மாட்டேன்' என்று எவ்வளவு நேரம் சொல்ல முடியும்? 'இரு நாட்டு ஒத்துழைப்பு' என்று காப்பியில் வந்தால், அந்த ஒத்துழைப்பு எந்த மிரட்டலுக்கோ எந்தப் பணத்துக்கோ கிடைத்தது என்று தேடிப் பார்த்து ஒரு வரி சேர்க்கச் சொல்வேன்.

காவல் தெற்கே நகர்ந்தால் சாவும் தெற்கே நகரும், பழியும் நகரும். 2023 மார்ச் 27 இரவு, எல் பாசோவுக்கு எதிரே உள்ள சியுதாத் ஹுவாரஸ் நகரில், மெக்சிகோ குடியேற்ற நிறுவனத்தின் தடுப்பு மையத்தில் தீப்பிடித்தது. கம்பிக் கதவு பூட்டியிருந்தது. புகை நிறைந்துகொண்டிருக்கும்போது காவலர்கள் கதவைத் திறக்காமல் நகர்ந்து போவது கண்காணிப்புக் கேமராவில் பதிவானது. 40 ஆண்கள் இறந்தார்கள். குவாத்தமாலா, ஹோண்டுராஸ், வெனிசுவேலா, எல் சால்வடோர் நாட்டவர்கள் அதிகம். அமெரிக்கப் பாலம் பக்கத்திலேயே இருக்கிறது. அவர்களில் பலர் அந்தப் பாலத்தின் கதவு திறக்கும் என்று காத்திருந்தவர்கள். அமெரிக்க எல்லையின் எந்தப் பட்டியலிலும் இந்த 40 பேர் ஏறவில்லை. இதை நான் கோபத்தோடுதான் எழுதுகிறேன்.

இன்னும் தெற்கே போகலாம். கொலம்பியாவுக்கும் பனாமாவுக்கும் நடுவே தாரியென் காடு இருக்கிறது. அதற்குள் சாலையே கிடையாது. 2023-இல் 5.2 லட்சம் பேர் அதை நடந்து கடந்ததாகப் பனாமா அரசு கணக்கிட்டது. 2024 ஜூலையில் பனாமாவும் அமெரிக்காவும் ஓர் ஒப்பந்தம் போட்டன. பனாமா பிடிக்கும், திருப்பி அனுப்பும் விமானச் செலவை அமெரிக்கா ஏற்கும். இந்திய பாஸ்போர்ட்டுக்கும் ஒரு காவல் சாவடி வந்தது. 2023 அக்டோபரிலிருந்து எல் சால்வடோர் விமான நிலையம் வழியாகப் போகும் இந்தியர்களிடமும் ஆப்பிரிக்க நாட்டவர்களிடமும் 1,130 டாலர் கட்டணம் வசூலிக்கத் தொடங்கினார்கள். விமான நிலையத்தின் மேம்பாட்டுக்கு என்று பெயர் சொன்னாலும், அது யாருக்காகப் போட்ட தடை என்பது பட்டியலில் இருந்த நாடுகளைப் பார்த்தாலே புரியும்.

மத்தியதரைக் கடல் செய்திக்கும் இதே கேள்வியைக் கேளுங்கள். 2016 மார்ச்சில் ஐரோப்பிய ஒன்றியம் துருக்கியோடும், 2023 ஜூலையில் துனிசியாவோடும் போட்ட ஒப்பந்தங்களை எடுத்துப் படித்தால், காவல்காரர் நிற்கும் இடம் தெரியும்.

பாதை எங்கே நகர்ந்தது?

'எல்லை கடப்பது குறைந்தது' என்று ஒரு பகுதியைப் பற்றி வந்தால், பக்கத்துப் பகுதியின் எண்ணைப் பார்க்காமல் தலைப்பு வைக்காதீர்கள். அமெரிக்க எல்லைக் காவல் படை தென்மேற்கு எல்லையை ஒன்பது பிரிவுகளாகப் பிரித்திருக்கிறது. சான் டியாகோ, டூசான், எல் பாசோ, டெல் ரியோ, ரியோ கிராண்டே பள்ளத்தாக்கு ஆகிய பெயர்கள் செய்திகளில் அடிக்கடி வரும். ஓரிடத்தில் இறுக்கினால் ஆட்கள் அடுத்த இடத்துக்குப் போகிறார்கள்.

இதன் வரலாற்றைத் தெரிந்துகொள்ள 1993-க்குப் போக வேண்டும். அந்தச் செப்டம்பரில், எல் பாசோ பிரிவுத் தலைவர் சில்வெஸ்ட்ரே ரேயஸ் சுமார் 400 காவலர்களை நகரை ஒட்டிய ஆற்றங்கரையில் வரிசையாக நிறுத்தினார். நகருக்குள் கடப்பது சட்டென்று நின்றது. 1994 அக்டோபரில் சான் டியாகோவில் 'கேட்கீப்பர்' நடவடிக்கை தொடங்கியது. அங்கே ஏற்கெனவே ராணுவம் வியட்நாம் போர்க்காலத்தில் ஓடுதளம் போடப் பயன்படுத்திய இரும்புத் தகடுகளை நிமிர்த்தி வேலியாக்கியிருந்தார்கள். கடக்க எளிதான நகர்ப்பகுதிகளை அடைத்தால், ஆட்கள் கடுமையான நிலப்பரப்புக்குத் தள்ளப்படுவார்கள், அங்கே பிடிப்பது காவலர்களுக்குச் சாதகம் என்று அந்த 1994-ஆம் ஆண்டின் திட்ட ஆவணமே வெளிப்படையாகச் சொல்கிறது. பாலைவனம் பயமுறுத்தும், ஆட்கள் வரமாட்டார்கள் என்று கணக்குப் போட்டார்கள். ஆட்கள் வந்தார்கள்.

அரிசோனாவின் சொனோரன் பாலைவனத்தில் ஜூன், ஜூலையில் வெயில் 40 டிகிரியைத் தாண்டும். நடக்க வேண்டியது நாள்கணக்கில், சுமந்துபோக முடிகிற தண்ணீரோ ஒரு நாளைக்கே காணாது. டூசானை உள்ளடக்கிய பிமா மாவட்டத்தின் பிரேதப் பரிசோதனை அலுவலகம் கிடைக்கும் உடல்களைப் பதிவு செய்கிறது. ஹ்யூமேன் பார்டர்ஸ் என்ற தன்னார்வ அமைப்பு அந்த இடங்களை வரைபடத்தில் புள்ளி புள்ளியாகக் குறிக்கிறது. அதே அமைப்பு நீலக்கொடி கட்டிய தண்ணீர்த் தொட்டிகளையும் வைத்திருக்கிறது. அந்த வரைபடத்தை ஒருமுறை திறந்து பாருங்கள். 2019 ஜூனில் பஞ்சாபிலிருந்து வந்த ஆறு வயதுச் சிறுமி ஒருத்தி லூக்வில் அருகே இறந்தாள். தாய் தண்ணீர் தேடிப் போயிருந்தார்.

எல்லையைத் தாண்டிய பின்னும் காவல் உண்டு. டெக்சாஸில் எல்லைக் கோட்டிலிருந்து நூறு கிலோமீட்டருக்கு மேல் உள்ளே, ஃபால்ஃபூரியாஸ் ஊருக்கு அருகே நெடுஞ்சாலையில் ஒரு சோதனைச் சாவடி இருக்கிறது. கடத்தல்காரர்கள் அதற்கு முன்னாலேயே ஆட்களை இறக்கிவிட்டு, புதர்க்காட்டுப் பண்ணைகள் வழியாகச் சுற்றிவரச் சொல்வார்கள். அந்த புரூக்ஸ் மாவட்டத்தில் மக்கள்தொகை மிகக் குறைவு, கிடைத்த உடல்களோ நூற்றுக்கணக்கில். பெயர் தெரியாமலேயே பலரை உள்ளூர்க் கல்லறையில் புதைத்தார்கள். 2022 நிதியாண்டில் தென்மேற்கு எல்லையில் 895 பேர் இறந்ததாக அமெரிக்க அரசே கணக்குச் சொல்கிறது. அது அவர்களுக்குத் தெரியவந்த சாவுகள் மட்டும்.

வேலி உயர்ந்ததில் இன்னொன்றும் நடந்தது. முன்பெல்லாம் மெக்சிகோக்காரர்கள் அறுவடைக்குப் போய், சம்பாதித்து, ஊர் திரும்பி, அடுத்த பருவத்துக்கு மறுபடி போவார்கள். கடப்பது ஆபத்தும் செலவும் ஆனபோது, திரும்பி வருவதை நிறுத்திக்கொண்டார்கள்; குடும்பத்தையும் அங்கேயே வரவழைத்தார்கள். படையில் 1990-களின் தொடக்கத்தில் சுமார் 4,000 பேர், 2011-இல் 21,000-க்கு மேல். இந்தப் பெருக்கம் நடந்துகொண்டிருந்தபோதே, அனுமதிக் காகிதமில்லாமல் அமெரிக்காவில் வாழ்பவர்கள் 1990-இல் 35 லட்சத்திலிருந்து 2007-இல் 1.22 கோடியானார்கள் என்று பியூ ஆய்வு மையம் மதிப்பிடுகிறது. கூடவே கொயோட்டேக்கள் எனப்படும் ஆள் கடத்தல்காரர்களின் கட்டணமும் ஏறியது. கடத்தலை ஒழிக்கப் போட்ட காவல்தான் கடத்தல்காரரை இல்லாமல் முடியாதவர் ஆக்கியது.

வேலை யார் கொடுக்கிறார்கள்?

இந்தப் பகுதி பெரும்பாலும் ஏஜென்சி காப்பியிலேயே இருக்காது, நாம்தான் சேர்க்க வேண்டும். 2024-இல் மெக்சிகோவின் பெரும்பகுதியில் குறைந்தபட்சக் கூலி நாளொன்றுக்கு 248.93 பெசோ, அதாவது சுமார் 14 டாலர். அமெரிக்காவின் மத்திய அரசு நிர்ணயித்த குறைந்தபட்சக் கூலி மணிக்கு 7.25 டாலர். 2009-லிருந்து அது ஏறவில்லை, பல மாநிலங்களில் நடைமுறைக் கூலி இதைவிடக் கூடுதல். அங்கே இரண்டு மணி நேரம், இங்கே ஒரு நாள். நடுவில் இருப்பது ஓர் ஆறு.

அமெரிக்க வயல்களில் கூலிக்கு வேலை செய்பவர்களில் சுமார் 40 சதவீதம் பேருக்கு அங்கே வேலை செய்ய அனுமதிக் காகிதம் இல்லை. இது அந்நாட்டு விவசாயத் துறையே வெளியிடும் கணக்கு. 1942 முதல் 1964 வரை 'பிரசேரோ' திட்டத்தில் மெக்சிகோ ஆட்களை ஒப்பந்தம் போட்டு அழைத்தது அமெரிக்காதான். திட்டத்தை நிறுத்தினார்கள், வேலை நிற்கவில்லை, ஆட்களும் நிற்கவில்லை. 1986-இல் ரீகன் கையெழுத்திட்ட சட்டம், காகிதமில்லாதவர் என்று தெரிந்தே வேலைக்கு வைப்பதைக் குற்றமாக்கியது. 'தெரிந்தே' என்பதை நிரூபிப்பது கடினம். பார்த்தால் அசல் போலிருக்கும் அட்டையை ஆள் காட்டினால் முதலாளி தப்பித்துவிடுவார். வேலியில் நிற்கும் ஆளின் படம் நமக்குத் தினமும் வருகிறது. அவரை வேலைக்கு வைத்தவரின் படம் வந்ததாக எனக்கு நினைவில்லை.

எந்தக் கட்சி என்று கேட்பவர்களுக்கு: 2006-இல் சுமார் 1,100 கிலோமீட்டர் வேலிக்கான சட்டம் செனட்டில் 80-க்கு 19 என்று நிறைவேறியது. ஆதரித்து வாக்களித்தவர்களில் ஒபாமா, ஹிலாரி கிளின்டன், பைடன் மூவரும் உண்டு. டிரம்பின் முதல் ஆட்சியில் கட்டிய 458 மைல் சுவரில் பெரும்பகுதி பழைய தடுப்பை எடுத்துவிட்டுப் போட்டது. 2025 ஜூலை சட்டத்தில் சுவருக்கு மட்டும் 46.5 பில்லியன் டாலர் ஒதுக்கினார்கள். பிடிப்பு அரை நூற்றாண்டில் இல்லாத அளவு இறங்கிய அதே ஆண்டில் இந்த ஒதுக்கீடு என்பதைச் செய்தியில் பக்கத்தில் பக்கத்தில் வையுங்கள், போதும்.

சுருக்கமாகச் சரிபார்க்க வேண்டியவை

ஃபென்டனில் போதைப்பொருளையும் குடியேறிகளையும் ஒரே வாக்கியத்தில் கட்டி வரும் பேச்சை அப்படியே போடாதீர்கள். பிடிபடும் ஃபென்டனிலில் மிகப் பெரும்பகுதி அதிகாரபூர்வச் சாவடிகளில், வாகனங்களில் பிடிபடுகிறது. அதைக் கடத்தித் தண்டனை பெறுபவர்களில் பெரும்பாலோர் அமெரிக்கக் குடிமக்கள்.

அடைக்கலம் கேட்பவரைச் சட்டவிரோதமானவர் என்று எழுதும் முன் நிதானியுங்கள். அமெரிக்க மண்ணில் கால் வைத்தவர், சாவடி வழியாக வந்தாலும் வராவிட்டாலும் அடைக்கலம் கோரலாம் என்று அந்நாட்டுச் சட்டப் புத்தகத்திலேயே இருக்கிறது. 2024 ஜூனில் பைடனும் 2025 ஜனவரியில் டிரம்பும் போட்ட உத்தரவுகள் அந்த உரிமையை முடக்கின. ஆகவே வழக்குகள் தொடுக்கப்பட்டன. அனுமதியின்றி நுழைவது தனிக் குற்றம், முதல் முறைக்கு அதிகபட்சம் ஆறு மாதச் சிறை. இரண்டையும் குழப்பக் கூடாது.

ஒரு செய்தியில் செய்து பார்க்கலாம்

2025 பிப்ரவரி 5. அமெரிக்க ராணுவத்தின் சி-17 விமானம் 104 இந்தியர்களோடு அமிர்தசரஸில் இறங்கியது. நாடு முழுக்க முதல் பக்கச் செய்தி. மேலே சொன்னதை வரிசையாகப் போடுங்கள்.

எதை எண்ணினார்கள்? இது ஆள் கணக்கு, 104 பேர். ஹரியானா, குஜராத்திலிருந்து தலா 33 பேர், பஞ்சாபிலிருந்து 30 பேர். கோடு எங்கே தொடங்குகிறது? மறுநாள் வெளியுறவு அமைச்சர் ஜெய்சங்கர் மாநிலங்களவையில் ஆண்டுவாரிப் பட்டியல் படித்தார். 2009-இல் 734 பேர், 2019-இல் 2,042 பேர் திருப்பி அனுப்பப்பட்டிருந்தார்கள். ஆகவே திருப்பி அனுப்புவது புதிதில்லை, ராணுவ விமானம்தான் புதிது. கையிலும் காலிலும் விலங்கு போட்டதை விமானத்தின் படங்களே காட்டின. விலங்கிடும் விதி பழையது என்று அமைச்சர் விளக்கினார். ஆகவே புதிதாக நடந்தது, அந்தக் காட்சி ஊருக்கு முன்னால் வைக்கப்பட்டது. ராணுவ விமானம் சாதாரண வாடகை விமானத்தைவிடப் பல மடங்கு செலவு பிடிக்கும் என்பதையும் சேர்த்துப் பார்த்தால், யார் பார்க்க வேண்டும் என்று அது பறந்தது என்ற கேள்வி வருகிறது. பாதை எது? வந்தவர்களில் சிலர் தாரியென் காட்டை நடந்து கடந்ததைச் செய்தியாளர்களிடம் சொன்னார்கள். ஏஜென்ட்டுக்கு நிலத்தை விற்றும் கடன் வாங்கியும் பல லட்சங்கள் கொடுத்ததைச் சொன்னார்கள். வடக்குப் பாதையின் விலையும் தெரிந்ததுதான்: 2022 ஜனவரியில் குஜராத்தைச் சேர்ந்த நால்வர் குடும்பம் ஒன்று, இரண்டு குழந்தைகளோடு, கனடாவின் மனிடோபா எல்லையில் பனியில் உறைந்து இறந்தது.

இதையெல்லாம் வைத்து நான் எழுதியிருக்கக்கூடிய முதல் பத்தி: "அமெரிக்காவிலிருந்து திருப்பி அனுப்பப்பட்ட 104 இந்தியர்கள் கை கால்களில் விலங்கோடு அமிர்தசரஸ் வந்தனர். ஆண்டுதோறும் இந்தியர்கள் இப்படித் திருப்பி அனுப்பப்படுவது வழக்கம். 2019-இல் மட்டும் 2,042 பேர். இதற்கு ராணுவ விமானம் பயன்படுத்தப்பட்டது இதுவே முதல் முறை." தலைவர்களின் பேச்சு நான்காவது பத்திக்குப் போகலாம்.

கடைசியாக, எண்களுக்கென்று ஒரு தாள் வைத்துக்கொள்ளுங்கள், கணினியிலோ நோட்டிலோ. அமெரிக்காவின் மாதக் கணக்கு ஒரு கட்டம், அதே மாதத்தில் மெக்சிகோ தடுத்தது ஒரு கட்டம், பனாமா எண்ணியது ஒரு கட்டம். மூன்றையும் அந்தந்த அரசுகள் இணையத்தில் போடுகின்றன. அந்த மாதம் எந்த ஒப்பந்தம், எந்த உத்தரவு, எந்த வரி மிரட்டல் வந்தது என்பதற்கு அகலமான ஒரு கட்டம் விடுங்கள், அது சீக்கிரம் நிறையும். இறந்தவர்களுக்கும் ஒரு கட்டம் வேண்டும். அந்த எண்ணை யாரும் நம் மேசைக்கு அனுப்ப மாட்டார்கள். பிமா மாவட்ட அலுவலகத்தின் பதிவிலும், சர்வதேசப் புலம்பெயர்வு அமைப்பு நடத்தும் காணாமல்போனவர்கள் பட்டியலிலும் நீங்களே போய் எடுக்க வேண்டும். இரண்டும் ஒத்துப்போகாதபோது இரண்டையும் எழுதி, யார் சொன்னது என்று பக்கத்தில் குறித்துவையுங்கள்.